வீடு 612 மீட்டர்

திருகோணமலை
ஐப்பசி, வெள்ளிக்கிழமை

அன்புள்ள தம்பி,

அம்மா எழுதுகிறேன். அப்பாவும் நானும் சுகமாக இருக்கிறோம். சாப்பிடுகிறாயா? இரவுச் சாப்பாட்டைத்தான் கேட்கிறேன். பகலில் எதையாவது வாங்கிச் சாப்பிட்டுவிடுவாய், எனக்குத் தெரியும். இரவில் சோம்பல்பட்டுப் பட்டினி கிடப்பது உன் பழக்கம்.

அக்கா இந்தக் கடிதத்தைப் படம் எடுத்து உனக்கு அனுப்புவாள். குரல் பதிந்து அனுப்புங்களேன் அம்மா என்றாள். பேசத் தொடங்கினால் எனக்குத் தொண்டை அடைத்துவிடும். எழுதினால் நிறுத்தி நிறுத்தி எழுதலாம்.

ஊர்ப் புதினம் பெரிதாக இல்லை. மழை தொடங்கிவிட்டது. பின்னேரமானால் உட்துறைமுகப் பக்கம் கறுத்துக்கொண்டு வருகிறது. குசினிக் கூரையில் அதே இடத்தில் ஒழுகுகிறது. மற்றதெல்லாம் அக்கா சொல்லியிருப்பாள்.

நான் சொல்ல வந்தது வேறு. கோபிக்காதே. அக்காவின் கலியாணத்துக்கு வந்தபோது நீ விட்டுப்போன பழைய கணினியை அலுமாரியிலிருந்து எடுத்தேன். சின்னம்மாவின் பொடியன்தான் திறந்து தந்தான். ஆடி அமாவாசைக்கு மறுநாள் பேசியதற்குப் பிறகு உன் குரலைக் கேட்கவில்லை. உன்னுடைய ஏதோ ஒன்றைத் தொட்டுக்கொண்டிருக்க வேண்டும் போல இருந்தது. கலியாண வீட்டில் அத்தனை சனத்துக்கு நடுவில், "அம்மா, ஒருநாள் இதை விளையாடிப் பாருங்கள், இது நம்முடைய கடல் மாதிரி" என்று சொன்னாய். பலகாரத் தட்டோடு நின்ற நான், எனக்கு எங்கே நேரம் என்றேன். இப்போது நேரம் இருக்கிறது.

சப்னாட்டிகா, அதுதான் அந்தக் கணினி விளையாட்டு. பெயரைப் பொடியன் மூன்று தரம் சொல்லித் தந்தான். அரோரா என்ற விண்கப்பல் ஒன்று 4546பி என்ற கோளில் விழுகிறது. கோள் முழுக்கக் கடல். தப்பியவன் ஒரு சிறிய மிதவைக்குள் நெருப்போடு கிடக்கிறான். அவன்தான் நான். கடலில் குதித்தேன். நாற்பத்தைந்து விநாடிதான் மூச்சு. அடியில் ஏதோ பளபளத்தது, கை நீட்டினேன், முப்பது விநாடிதான் இருக்கிறது என்று கருவி சொன்னது. அந்த இடத்திலேயே நான் கணினியை விட்டு எழுந்துவிட்டேன். பொடியன் சிரித்தான். எனக்குப் பெரியமாமாவின் ஞாபகம் வந்துவிட்டது. ஆழத்திலிருந்து அவசரமாக ஏறி வழங்காமல் போன அவருடைய கால் உனக்குத் தெரியும். கடலட்டை பிடிக்க இறங்கியவர்களுக்கு அவர் ஆயுள் முழுக்கச் சொன்னது ஒன்றுதான், ஏறும்போது அவசரப்படாதே. இந்த விளையாட்டில் எவ்வளவு ஆழத்திலிருந்து எவ்வளவு வேகமாக ஏறினாலும் கால் போவதில்லை. அதை மட்டும் என்னால் ஏற்றுக்கொள்ள முடியவில்லை. இன்னும் நான் மெதுவாகத்தான் ஏறுகிறேன்.

பசி, தாகம் இல்லாமல் விளையாட ஒரு வழி இருக்கிறது, பெரியம்மாவுக்கு அதுதான் சரி என்றான் பொடியன். வேண்டாம் என்றேன். பசிக்காத ஒருவனை வைத்துக்கொண்டு நான் என்ன செய்ய? மீன் பிடித்துச் சமைத்துக் கொடுக்கிறேன். ஊதினாற்போன்ற ஒரு மீனிலிருந்து குடிதண்ணீர் எடுக்கிறேன். பசிக் கணக்கு இருபதுக்கு இறங்கினால் எனக்குக் கை பதறுகிறது. நீ ஒழுங்காகச் சாப்பிடு, தம்பி. சோறு வைத்து ஒரு முட்டை பொரித்தால் போதும்.

விளையாட்டு என்றால் சுடுவதுதான் என்று உன்னை எத்தனை நாள் ஏசியிருப்பேன். உயர்தரப் பரீட்சை வருடத்தில் கணினியின் வயரைப் பிடுங்கி ஒளித்துவைத்தேன். இதில் கொல்லுகிற துப்பாக்கியே இல்லை. ஒரு கத்தி இருக்கிறது, அவ்வளவுதான். இதைச் செய்தவர்களின் தலைவர் சார்லி கிளீவ்லண்ட். 2012இல் அமெரிக்காவில் ஒரு பாடசாலையில் பிள்ளைகளைச் சுட்டுக் கொன்றார்களே, அதற்குப் பிறகு, உலகத்தில் இன்னுமொரு துப்பாக்கியைச் சேர்க்க மாட்டேன் என்று முடிவெடுத்தாராம். பொடியன் வாசித்துச் சொன்னபோது நான் கொஞ்ச நேரம் பேசவில்லை. துப்பாக்கியைப் பார்த்துப் பார்த்து வளர்ந்த பிள்ளை நீ. சுடாத விளையாட்டைத் தேடிப் பிடித்திருக்கிறாய். அதை நான் கவனிக்கவேயில்லை.

அப்பாவும் வந்து பின்னால் நிற்கிறார். அடியில் பழைய கட்டடம் ஒன்று தெரிந்த அன்று, நீ எத்தனையோ தரம் கேட்ட கதையைத் திரும்பவும் தொடங்கிவிட்டார். 1956இல் ஆர்தர் சி. கிளார்க்கும் மைக் வில்சனும் சுவாமிமலைக்குக் கீழே மூழ்கியது, போர்த்துக்கேயர் இடித்துத் தள்ளிய கோணேசர் கோயிலின் தூண்களைக் கடலுக்குள் கண்டது. விண்வெளிக் கதை எழுதுகிறவருக்கே நம்முடைய கடலடியில்தான் வேலை இருந்தது என்று அப்பா பெருமையாகச் சொன்னார். அந்தக் கதையை இராவணன் வெட்டுக்குப் பக்கத்தில் உன்னைத் தோளில் வைத்துக்கொண்டு சொன்னவர் அவர். இப்போது உன் பெயரை எடுப்பதில்லை. ஆனால் போன் மணி அடித்தால் முதலில் திரும்புவது அவருடைய தலைதான்.

என்னை நித்திரை கொள்ளவிடாமல் செய்வது அந்த வானொலி. மிதவைக்குள் ஒரு வானொலி இருக்கிறது. இடைக்கிடை அதன் விளக்கு மின்னும். தப்பிய வேறு ஆட்கள் கூப்பிடுகிறார்கள், இந்த இடத்தில் இருக்கிறோம், வாருங்கள் என்று. நான் போகிறேன். மிதவை உடைந்து கிடக்கிறது, உள்ளே ஆளில்லை, பேசிய குரல் மட்டும் பதிந்து கிடக்கிறது. ஒவ்வொன்றும் அப்படித்தான். பத்து வருடத்துக்கு முன் அதே கடலில் விழுந்த வேறொரு கப்பலில் ஒரு தகப்பனும் மகனும் இருந்தார்கள். அவர்களுடைய பேச்சும் துண்டு துண்டாகக் கிடைக்கிறது. இரண்டு பேரும் இல்லை. சன்பீம் என்ற கப்பல் மீட்க வருகிறோம் என்று சொல்லி வந்தது. கரையில் நின்று மேலே பார்த்துக்கொண்டிருந்தேன். தீவிலிருந்த பெரிய பீரங்கி திரும்பி அதை வானத்திலேயே சுட்டுவிட்டது. அந்தக் கோளில் நோய் பரவியிருக்கிறது, அதனால் யாரையும் வரவிடாது, போகவும் விடாது. நோய் மாறினால்தான் அந்தப் பீரங்கியை நிறுத்தலாம்.

நீ கூப்பிட்டதை நான் கேட்காமல் விட்ட நாட்கள் எத்தனை என்று அன்று இரவு எண்ணிக்கொண்டு கிடந்தேன்.

மருந்து ஆழத்தில் இருக்கிறது, ஆயிரத்து நானூறு மீட்டருக்கும் கீழே. ஒரு பெரிய தாய் விலங்கை அங்கே தொட்டியில் அடைத்துவைத்திருக்கிறார்கள். ஆயிரம் ஆண்டளவாக அதன் முட்டைகள் பொரிக்கவில்லை. வந்தவன் வழிசெய்து கொடுக்கக் குஞ்சுகள் வெளியே வந்து, கதவு தாண்டிக் கடலுக்குப் போகின்றன. தாய் போவதில்லை. அங்கேயே கிடந்து சாகிறது. அந்தப் பகுதியை நான் விளையாடவில்லை, எனக்கு இன்னும் அந்த ஆழம் வராது, பொடியன் யூடியூபில் காட்டினான். பார்த்த பிறகு குசினிக்குள் போய்விட்டேன்.

உன்னுடையதையும் திறந்து பார்த்தோம். நீ விளையாடி நிறுத்திவைத்த இடத்தை, உன் சேமிப்பைச் சொல்கிறேன். ஒன்றையும் மாற்றவில்லை, சத்தியமாக. நீ ராக்கெட்டின் அடியில் நிற்கிறாய். ராக்கெட் முழுதாகக் கட்டி முடிந்திருக்கிறது. பீரங்கியையும் நிறுத்திவிட்டாய். இனி ஏறிப் பொத்தானை அழுத்துவதுதான் மிச்சம், ஏன் அண்ணா போகாமல் விட்டார் என்று பொடியன் என்னைக் கேட்டான்.

அப்போதுதான் திரையில் அந்த எழுத்தைக் கண்டேன். நீ கடலுக்குள் ஒரு அடையாள மிதவை போட்டு, ஆங்கில எழுத்தில் 'வீடு' என்று பெயர் வைத்திருக்கிறாய். பக்கத்தில் 612 மீட்டர் என்று இருந்தது. அங்கே போ என்றேன். அவன் நீந்த நீந்த எண் குறைந்துகொண்டு வந்தது. ஐந்நூறு, இருநூற்றுப்பத்து, நாற்பது. உன் வீட்டுக்குள் போனோம். ஒரு கட்டில். ஒரு கதிரை. சாடிகளில் கிழங்குச் செடி நட்டு வரிசையாக வைத்திருக்கிறாய், நம்முடைய பின்வளவில் வைத்தது மாதிரி. ஒரு கதிரைதான், தம்பி. நான் அதைப் பார்த்துக்கொண்டே இருந்தேன்.

ஏன் போகாமல் நின்றாய் என்று எனக்குத் தெரிந்துவிட்டது என்று நினைக்கிறேன். முடிவையும் பார்த்தேன். அவ்வளவு பாடுபட்டு ஊருக்குப் போகிறவனை அவன் வேலை செய்த அல்டெரா நிறுவனம் வாசலில் மறிக்கிறது. ஒரு இலட்சம் கோடி கடன் நிற்கிறது, அதைக் கட்டினால்தான் இறங்க அனுமதி என்கிறது. உயிரோடு வந்தாயா என்று ஒரு சொல் இல்லை.

மடத்தடிக் காணி உறுதியைப் பற்றி நான் இதில் ஒன்றும் எழுதக்கூடாது என்றுதான் தொடங்கினேன். அக்கா என்னிடம் ஏதோ சொன்னாள், கேட்கவில்லை என்று வைத்துக்கொள் என்றேன். ஆனால் ஆடி அமாவாசைக்கு மறுநாள் நீ போன் எடுத்தபோது உனக்கு அப்போதுதான் விடிந்திருக்கும். அந்த நேரத்தில் நீ ஒருநாளும் எடுத்ததில்லை. "அம்மா" என்றாய். ஏன் இந்த நேரத்தில் என்று நான் கேட்கவில்லை. சுகமா என்று கேட்கவில்லை. "காசு போட்டுவிட்டாயா, சீட்டுக்காரி வந்து நிற்கிறாள்" என்றேன். நீ கொஞ்சம் பேசாமல் இருந்தாய். "போடுகிறேன் அம்மா" என்றாய். வைத்துவிட்டாய். வைகாசியிலிருந்தே உனக்கு வேலை இல்லை என்பது அக்காவுக்குப் போன கிழமைதான் தெரிய வந்தது. நீ அன்று அதைச் சொல்லத்தான் எடுத்தாய். நான் கடன்காரி மாதிரி வாசலில் நின்று மறித்துவிட்டேன். முந்தி எத்தனை தரம் அப்படிக் கேட்டிருப்பேன் என்றும் எனக்குக் கணக்குத் தெரியவில்லை. என் பிள்ளை ஒவ்வொரு மாதமும் தவறாமல் போடுகிறான் என்று கோயிலில் நாலு பேர் கேட்கச் சொல்லிச் சொல்லி, உன்னை நான் அந்தக் காசாகவே ஆக்கிவிட்டேன்.

சீட்டை முடித்துவிட்டேன். எப்படி என்று கேட்காதே. உறுதி போனால் போகட்டும், அப்பாவும் அதையே சொன்னார், அவர் சொன்னது அந்த ஒரு வரிதான். டிக்கெட்டுக்கு அக்கா ஒழுங்கு செய்கிறாள், அவளோடு சண்டை பிடிக்காதே. வெறுங்கையோடு வா. அங்கேயே இருந்து வேறு வேலை தேடுவதென்றாலும் தேடு, அது உன் விருப்பம், நான் வா வா என்று நெருக்கவில்லை. ஆனால் எடு. குளிருக்கு ஒழுங்காகப் போடு, சப்பாத்து நனைந்தால் மாற்று, இரவில் சாப்பிடு. இதை மூன்றாம் தரம் எழுதுகிறேன், தெரியும்.

ராக்கெட்டில் பொடியன் ஏறப் பார்த்தான், வேண்டாம் என்று கையைப் பிடித்துவிட்டேன். அது நீ நின்ற இடத்திலேயே நிற்கிறது. நான் என் சேமிப்பில் நூறு மீட்டர் வரைக்கும் போகப் பழகிவிட்டேன்.

மழை வலுக்கிறது. அப்பா கொடியில் கிடந்த உடுப்பை அள்ளிக்கொண்டு ஓடிவருகிறார். போனைத் தலைமாட்டில்தான் வைத்துக்கொண்டு படுக்கிறேன், சத்தத்தைக் கூட்டி வைத்திருக்கிறேன். இங்கே எத்தனை மணி என்று பார்க்காமல் எடு.

அம்மா