பாடாங்கிலிருந்து வாட்டர்லூ தெரு வரை எங்களுடன் நடந்தவர்களுக்கு

அன்புடையீர்,

வணக்கம். சிங்கப்பூரின் போர்க்கால வரலாற்றைத் தமிழில் சொல்லிக்கொண்டே நடக்கும் எங்கள் ஞாயிற்றுக்கிழமை நடை இந்தப் பருவத்துக்கு முடிந்தது. தொடங்கும் முன், "ஆங்கிலத்தில்தான் நிறைய இருக்கிறதே, தமிழில் யார் வரப்போகிறார்கள்?" என்று கேட்டவர்கள் பலர். அவர்களில் சிலரே பிறகு மாமியாரையும் பேரப்பிள்ளைகளையும் கூட்டிக்கொண்டு வந்து முன்வரிசையில் நின்றார்கள். கேள்வி கேட்டதற்கும் வந்து நின்றதற்கும் சேர்த்து நன்றி.

உதவியவர்களில் பெரும்பாலோர் பெயரைப் போட வேண்டாம் என்று கேட்டுக்கொண்டார்கள். அதனால் ஆளைச் சொல்லாமல் அவர்கள் செய்ததைச் சொல்கிறோம். படிக்கும்போது அவரவருக்குத் தெரிந்துவிடும்.

எங்கள் பேச்சுக்கு வரைவு எழுதித் தந்த ஓய்வுபெற்ற தமிழாசிரியைக்குப் பெரிய கடன் பட்டிருக்கிறோம். இரண்டாம் உலகப் போரில் இந்த ஊர் ஜப்பானியரிடம் வீழ்ந்ததைச் சொல்பவர்கள் வழக்கமாக ஃபோர்ட் கேனிங் குன்றுக்கு அடியில் உள்ள பதுங்கறையில் தொடங்குவார்கள். 1942 பிப்ரவரி 15, சீனப் புத்தாண்டின் முதல் நாள். காலையில் பிரிட்டிஷ் படைத் தலைவர் ஜெனரல் பெர்சிவல் அங்கே தளபதிகளைக் கூட்டிப் பேசினார். குண்டுவீச்சில் குழாய்கள் உடைந்து நகரத்துக்குத் தண்ணீர் அற்றுப்போகும் நிலை. மாலையில் அவர் புக்கிட் தீமாவில் இருந்த ஃபோர்டு கார்த் தொழிற்சாலைக்குப் போய் ஜப்பானியத் தளபதி யாமாஷிட்டாவிடம் சரணடைந்தார். "இது இங்கே பள்ளிக்கூடம் போன எல்லாருக்கும் தெரியும். நீங்கள் அதற்கு இரண்டு நாள் தள்ளித் தொடங்குங்கள்" என்றார் ஆசிரியை. அதாவது பிப்ரவரி 17, ஃபேரர் பார்க் திடல். சரணடைந்த படையில் ஏறக்குறைய பாதிப் பேர் இந்தியச் சிப்பாய்கள். அவர்களைப் பிரிட்டிஷ் அதிகாரிகளிடமிருந்து பிரித்து, சுமார் 45,000 பேரை அந்தத் திடலில் கூட்டி, ஜப்பானிய மேஜர் ஃபுஜிவாராவிடம் ஒப்படைத்தார்கள். அவர் அவர்களை கேப்டன் மோகன் சிங் கையில் கொடுத்தார். இந்திய தேசிய ராணுவத்தின் முதல் வித்து அந்தப் பிற்பகலில் விழுந்தது. தேக்காவில் மீன் வாங்கிவிட்டு அந்தப் பக்கமாக வீடு திரும்பும் நம்மில் எத்தனை பேருக்கு இது தெரியும்? பாடாங்கில் நின்றுகொண்டு ஃபேரர் பார்க்கைப் பற்றிப் பேசுவது சரிவருமா என்று எங்களுக்குத் தயக்கம் இருந்தது. சரிவந்தது. பெர்சிவலைத் தேடி யாரும் கேட்கவில்லை.

அடுத்து நன்றி சொல்ல வேண்டியது, நடையில் தங்களுக்குள் சண்டை போட்ட இரண்டு பெரியவர்களுக்கு.

எஸ்பிளனேட் பூங்காவில் இந்திய தேசிய ராணுவத்தின் நினைவுக் கல்வெட்டு இருக்கிறது. நேதாஜி சுபாஷ் சந்திர போஸ் 1945 ஜூலை 8 அன்று அடிக்கல் நாட்டிய நினைவுச்சின்னம் நின்ற இடம் அது. திரும்பி வந்த பிரிட்டிஷார் செப்டம்பரிலேயே அதைத் தகர்த்துவிட்டார்கள். இன்று நாம் பார்ப்பது 1995-ல் தேசிய மரபுடைமைக் கழகம் வைத்தது. சாலையைக் கடந்தால் பாடாங். 1943 ஜூலை 5 அன்று நேதாஜி படையைப் பார்வையிட்டு 'டில்லி சலோ' என்று முழங்கிய திடல். இந்த இடத்துக்கு வந்தாலே நம்மவர்களின் குரல் தானாக ஒரு படி உயர்ந்துவிடும். கைதட்டல் கூட விழும்.

ஒரு ஞாயிறு அந்தக் கைதட்டலுக்கு நடுவில் ஒரு பெரியவர் கையை உயர்த்தி, தம் தாத்தாவின் தம்பி அந்தப் படையில் சேர மறுத்த சிப்பாய் என்றார். அரசருக்கு எடுத்த சத்தியத்தை மாற்ற முடியாது என்று சொன்னாராம். சேர மறுத்த இந்தியக் கைதிகளில் பலரை ஜப்பானியர் நியூ கினிப் பக்கமாகக் கப்பலேற்றி, சுமை தூக்கவும் மண் வெட்டவும் வைத்தார்கள். போனவர் திரும்பவில்லை. "அவர் கோழையா, துரோகியா? நீங்களே சொல்லுங்கள்" என்று எங்கள் வழிகாட்டியைக் கேட்டார். வழிகாட்டி வாயைத் திறப்பதற்குள் இன்னொரு பெரியவர் குறுக்கே வந்தார். அவருடைய அப்பா படையில் சேர்ந்து பர்மா எல்லை வரை போனவர். "வெள்ளைக்காரனுக்குக் கொடுத்த சத்தியம் ஒரு சத்தியமா?" என்றார் இவர். மரத்தடியில் அப்படியே நின்று இருவரும் வெகுநேரம் வாதாடினார்கள். இருபது வயதுப் பிள்ளைகள் கைப்பேசியை உள்ளே வைத்துவிட்டுக் கேட்டார்கள். அன்று கேத்தே கட்டடம் வரை போக நேரமில்லாமல் போயிற்று. ஐயா இருவருக்கும்: உங்கள் அனுமதியோடு அந்த வாதத்தின் இரு பக்கத்தையும் இப்போது ஒவ்வொரு நடையிலும் சொல்கிறோம். சேர்ந்தவர்களும் நம்மவர்கள், மறுத்தவர்களும் நம்மவர்கள். ஒரு பக்கத்தை மட்டும் சொன்னால் அது விழா மேடைப் பேச்சாகிவிடும். தீர்ப்பு சொல்லும் வேலையை நாங்கள் எடுத்துக்கொள்ளவில்லை. இருவரும் அடுத்த வாரமும் வந்து விட்ட இடத்திலிருந்து தொடர்ந்தீர்கள் என்பதையும் இங்கே பதிவுசெய்ய வேண்டும்.

ஒலிக்கருவி பற்றி ஒரு வார்த்தை. வாடகைக்குத் தருவதாகச் சொன்ன இடம் முதல்நாள் மாலையில் கைவிரித்துவிட்டது. அந்த நேரத்தில் தம் பஜனைக் குழுவின் கையடக்க ஒலிபெருக்கியைக் கொண்டுவந்து கொடுத்த அண்ணனுக்கு நன்றி. ஆர்ச்சர்ட் சாலை ஒய்எம்சிஏ முன்னால் அதை முடுக்கியபோது உள்ளே பதிந்திருந்த முருகன் பாட்டு உரக்க ஒலித்தது. போரின்போது அங்கிருந்த பழைய கட்டடம் ஜப்பானிய ராணுவக் காவல்துறையான கெம்பெய்த்தாயின் கையில் இருந்தது. கைதிகளுக்கு உதவிய எலிசபெத் சோய் என்ற பெண்மணி ஏறத்தாழ 200 நாள் அடைபட்டு வதைபட்ட இடம். அந்தக் கதைக்கு முன்னால் முருகன் வந்தது பொருத்தமா என்று கேட்டால், ஒரு பாட்டி "வரட்டுமே, வேண்டிய இடம்தானே" என்று முடித்துவிட்டார்.

அதே பாட்டிக்குத்தான் நாங்கள் அதிகம் நன்றி சொல்ல வேண்டும். பேரன் சக்கர நாற்காலியில் தள்ளிக்கொண்டு வந்தார். பீச் ரோட்டுப் பக்கம் உள்ள பொதுமக்கள் போர் நினைவுச்சின்னத்தில், சீனர், மலாய்க்காரர், இந்தியர், பிறர் என்று நான்கு இனத்தவருக்காக ஏறத்தாழ 67 மீட்டர் உயரத்தில் நான்கு தூண்கள் நிற்கின்றன. 1962-ல் சிக்லாப் வட்டாரத்தில், ஜப்பானியர் கொன்று புதைத்த பொதுமக்களின் எலும்புக்கூடுகள் கிடைக்கத் தொடங்கிய பிறகு எழுந்த சின்னம் அது. 1967 பிப்ரவரி 15 அன்று பிரதமர் லீ குவான் இயூ திறந்துவைத்தார். அடியில் தமிழிலும் பொறித்திருக்கிறார்கள். பாட்டி அதை எழுத்துக்கூட்டிப் படித்துவிட்டு, "எங்கள் அப்பாவுக்கும் இது சேருமா?" என்று கேட்டார்.

அவருடைய அப்பா ஜோகூரில் ஒரு ரப்பர் தோட்டத்தில் பால்மரம் வெட்டியவர். நல்ல கூலி, சில மாத வேலை என்று ஆசைகாட்டி ரயிலேற்றிக்கொண்டு போனார்கள். ஜப்பானியர் போட்ட சயாம் மரண ரயில் பாதை வேலைக்கு. தாய்லாந்தின் பான் போங்கிலிருந்து பர்மாவின் தன்பியூசயாட் வரை 415 கிலோமீட்டர் இருப்புப்பாதையை 1943 அக்டோபரில் முடித்தார்கள். காலராவும் பட்டினியும் அடியும் சேர்ந்து கொன்றன. அங்கே மடிந்த நேச நாட்டுப் போர்க்கைதிகள் 12,000-க்கும் மேல். காஞ்சனபுரியில் அவர்களுக்கு வரிசை வரிசையாகக் கல்லறை உண்டு, கல்லறையில் பெயர் உண்டு. மலாயாத் தோட்டங்களிலிருந்து போன தமிழர்கள் பல்லாயிரம் பேர் மாண்டார்கள். அவர்களுக்கு அப்படி ஒரு பெயர்வரிசை கிடையாது. கங்காணியின் பேரேட்டில் இருந்த பெயர் அதோடு நின்றது.

சின்னம் எழக் காரணம் சிங்கப்பூரில் கொல்லப்பட்டவர்கள், உங்கள் அப்பா இறந்தது சயாமில் என்று சொல்ல எங்கள் யாருக்கும் மனம் வரவில்லை. பாட்டியே, "சேரும் என்று வைத்துக்கொள்கிறேன்" என்று சொல்லிவிட்டு, அம்மா தனியாக நாலு பிள்ளைகளோடு இந்த ஊருக்கு வந்ததைச் சொன்னார். மூன்று வேளையும் மரவள்ளிக்கிழங்கு. வாழைமரம் அச்சிட்ட பத்து வெள்ளி நோட்டைக் கட்டுக்கட்டாகக் கொடுத்தாலும் ஒரு படி அரிசி கிடைக்காதாம். ஜப்பான்காரன் போன அன்று அந்த நோட்டில் பிள்ளைகள் பட்டம் செய்தார்களாம். இன்றும் அவர் மரவள்ளிக்கிழங்கைத் தொடுவதில்லை. பாட்டி, நீங்கள் சொன்னதை எங்கள் வழிகாட்டிகள் உங்கள் பெயர் இல்லாமல், உங்கள் சொற்களிலேயே சொல்கிறார்கள். அந்தச் சின்னத்தின் முன் முன்பெல்லாம் ஐந்து நிமிடம்தான் நிற்போம். இப்போது அப்படி முடிவதில்லை.

ராமநாதபுரம், புதுக்கோட்டைப் பக்கத்திலிருந்து இங்கே கட்டுமான வேலைக்கு வந்திருக்கும் தம்பிகளை மறக்க முடியாது. வாரத்தில் கிடைக்கும் ஒரே ஓய்வு நாளைக் காலையிலேயே எங்களுக்குக் கொடுத்தீர்கள். மரண ரயில் கதையைக் கேட்டு மற்றவர்கள் உச்சுக்கொட்டியபோது, உங்களில் ஒருவர்தான் "போனவர்களுடைய கூலியைக் குடும்பத்துக்கு யார் கொடுத்தார்கள்?" என்று கேட்டார். வெளிநாட்டில் வேலை செய்பவருக்குத்தான் அந்தக் கேள்வி முதலில் தோன்றும். அதைத் துருவிக்கொண்டு இரண்டு வழிகாட்டிகள் இன்னும் தேசிய நூலகத்தில் உட்கார்ந்திருக்கிறார்கள்.

தொடக்கக்கல்லூரி மாணவர்கள் பற்றி. கேத்தே கட்டடத்தை உங்களிடம் ஒப்படைத்ததில் எங்களுக்கு வேலை குறைந்தது. 1939-ல் எழுந்த வானுயரக் கட்டடம். திருடினார்கள் என்று வெட்டியவர்களின் தலைகளை ஜப்பானியர் அதன் முன்னால் காட்சிக்கு வைத்தார்கள். அதே கட்டடத்தின் திரையரங்கில்தான் 1943 அக்டோபர் 21 அன்று சுதந்திர இந்தியத் தற்காலிக அரசை நேதாஜி அறிவித்தார். மறுநாள் வாட்டர்லூ தெருவில், இந்திய தேசிய ராணுவத்தின் பெண்கள் பிரிவான ஜான்சி ராணிப் படைக்கு முகாம் திறந்தது. தலைமை ஏற்றவர் சென்னையில் பிறந்து இங்கே மருத்துவம் பார்த்துவந்த லட்சுமி சுவாமிநாதன். அவருக்கு அடுத்த பொறுப்புக்கு வந்த ஜானகி தேவர் கோலாலம்பூரில் வசதியான வீட்டுப் பெண், அப்போது பதின்ம வயது. இவர்களைப் பற்றிப் பலரும் பேசுவார்கள். படையில் சேர்ந்தவர்களில் பெரும்பாலோர் இந்தியாவைக் கண்ணால் பார்த்திராத தோட்டத்துப் பெண்கள் என்பதை நீங்கள்தான் அழுத்திச் சொன்னீர்கள். பார்க்காத நாட்டுக்காகத் துப்பாக்கி தூக்கினார்களா, கங்காணியிடமிருந்தும் தோட்டத்திலிருந்தும் தப்பிக்கக் கிடைத்த வழி அதுவா என்று நீங்கள் கூட்டத்தைக் கேட்ட கேள்விக்கு ஒவ்வொரு வாரமும் ஒரு புதுப் பதில் வந்தது.

1915-ல் இங்கே இந்தியச் சிப்பாய்கள் பிரிட்டிஷாரை எதிர்த்துச் செய்த கலகத்தையும் சேர்க்க வேண்டும் என்று பிடிவாதம் பிடித்த மாணவிக்குத் தனியாக ஒரு நன்றி. அதுவும் பிப்ரவரி 15. கலகக்காரர்கள் தாங்ளின் முகாமில் இருந்த ஜெர்மானியக் கைதிகளைத் திறந்துவிட்டார்கள். அவர்களில் எம்டன் என்ற ஜெர்மானியப் போர்க்கப்பல்காரர்களும் இருந்தார்கள், முந்தைய ஆண்டு சென்னைத் துறைமுகத்தின் மேல் குண்டு வீசிய அதே எம்டன். கலகம் அடங்கிய பின் 47 சிப்பாய்களை வெளிப்படையாகச் சுட்டுக் கொன்றார்கள். நேரம் போதாது என்று அதைப் பாதியாகச் சுருக்கியிருக்கிறோம். மாணவி இன்னும் எங்களை மன்னிக்கவில்லை.

சுருக்கமாகச் சொல்ல வேண்டிய நன்றிகளும் உண்டு. வெயிலில் நின்ற எங்களை நகர மண்டபத் தூண்களின் நிழலுக்கு அழைத்த காவலருக்கு. 1945 செப்டம்பர் 12 அன்று மவுண்ட்பேட்டன் ஜப்பானியரின் சரணை ஏற்ற கட்டடம் அது என்று எங்களுக்கே சொல்லிக்கொடுத்தவரும் அவரே. மழை பிடித்த நாள்களில் எங்கள் முழுக் கூட்டத்தையும் உட்காரவைத்து, கோப்பிக்குக் காசு வாங்க மறுத்த கோப்பிக்கடை உரிமையாளருக்கு. முதலுதவிப் பெட்டியோடு கடைசி ஆளாக நடந்த தாதிக்கு. ஞாயிறு காலையில் எங்களை வீட்டிலிருந்து விட்ட கணவர்மார்களுக்கும் மனைவிமார்களுக்கும். பொறுமை உங்களுக்கு இன்னும் ஒரு பருவத்துக்குத் தேவைப்படும்.

டாக்சி ஓட்டும் ஓர் அண்ணன், நடையில் சந்தித்த இரண்டு குடும்பங்களைத் தம் ஓய்வு நாளில் கிராஞ்சிப் போர்க்கல்லறைக்கு அழைத்துப்போனார். அங்குள்ள சுவர்களில் 24,000-க்கும் மேற்பட்ட பெயர்கள் இருக்கின்றன. கல்லறை இல்லாதவர்களின் பெயர்கள். ஒரு குடும்பம் தேடிய பெயர் கிடைத்தது, மற்றதற்குக் கிடைக்கவில்லை. வாடகை பற்றிப் பேச்செடுத்தபோது அண்ணன் பேச்சை மாற்றிவிட்டார். அவர் தொடங்கிவைத்ததை அடுத்த பிப்ரவரியில் ஒரு முழு நடையாக நடத்தப்போகிறோம். உடன் வர விரும்புகிறவர்கள் வழிகாட்டிகளிடம் பெயர் கொடுக்கலாம். தேட வேண்டிய பெயர் இருந்தால், எந்தப் படைப்பிரிவு என்பதையும் சேர்த்துக் கொடுங்கள். தேடுவது எளிதாக இருக்கும்.

நன்றியுடன்,
தமிழ் நடைக் குழுவினர்
சிங்கப்பூர்