ஏட்டில் புள்ளி இல்லை

ஜாபர்கான்பேட்டை,
சென்னை.

அன்புள்ள பாப்பாவுக்கு,

நீ அனுப்பிய உன் கதையின் பதினோரு அத்தியாயங்களையும் நேற்று ராத்திரியே படித்து முடித்துவிட்டேன். வெண்மதில் நகரமும் அந்த வயசான படகோட்டியும் கண்ணுக்குள்ளேயே நிற்கிறார்கள். 'ஆழிக்குறி'யிடம்தான் எனக்கு மனத்தாங்கல். மூவாயிரம் வருஷத்துக்கு முன்னால் ஒரு ஞானி வருவதுரைத்து எழுதிய நூல் என்கிறாய். உன் இளவரசி திறந்து பார்த்தால், நேற்று அச்சடித்தது போல ஒரு எழுத்துக்கூடச் சிதையாமல் இருக்கிறது. படித்தவுடன் எல்லாருக்கும் பொருளும் விளங்கிவிடுகிறது. எனக்கு மனசு ஒப்பவில்லை.

தாத்தாவின் வைத்தியச் சுவடி ஞாபகம் இருக்கிறதா? 2015 டிசம்பரில் அடையாற்று வெள்ளம் வீட்டுக்குள் வந்து போன பிறகு, பீரோவின் அடித்தட்டில் சேற்றோடு இறுகிச் செங்கல் மாதிரி கிடந்ததே! நீ அப்போது ஒன்பதாவது. மாடிப்படி நிழலில் உட்கார்ந்து, நாம் இரண்டு பேரும் ஒவ்வொரு ஓலையாகப் பிரித்துப் பழைய பேப்பர் மேல் பரப்பினோம். கீறலில் இருந்த கரி கரைந்துபோய், ஓலை வெறுமையாகத் தெரிந்தது. எனக்கு அழுகை முட்டிக்கொண்டு வந்தது. நீதான் ஒன்றை வெளிச்சத்துக்குச் சாய்த்துப் பிடித்து, "அம்மா, எழுத்து உள்ளேயேதான் இருக்கு" என்றாய். விளக்குக்கரியை எண்ணெயில் குழைத்துத் தடவித் துடைத்ததும் வரி வரியாக எழுந்து வந்தது.

ஓலை மூவாயிரம் வருஷம் தாங்காது, பாப்பா. நம் ஊர்ச் சூட்டிலும் ஈரத்திலும் சில நூறு வருஷம் இருந்தாலே பெரிசு. பூச்சி அரித்துத் தீர்ப்பதற்குள் யாரோ ஒருவர் உட்கார்ந்து படியெடுத்தார். அதனால்தான் சங்கப் பாட்டு நம் கைக்கு வந்தது. உ.வே.சா. 1887-இல் சிந்தாமணியைப் பதிப்பிப்பதற்காக ஏடு தேடி அலைந்ததையும், ஏட்டுக்கு ஏடு சொற்கள் மாறிப் பாடம் வேறுபட்டதையும் உனக்கு எத்தனை தடவை சொல்லியிருப்பேன்! உன் கதையில் ராஜா இருக்கிறார், ஞானி இருக்கிறார், மந்திரவாதி இருக்கிறான். ஏடெழுதிய ஆள் ஒருத்தர்கூட இல்லையே.

அவரைக் கொண்டுவந்தால் கதையே மாறும். ஓலையில் புள்ளி குத்தினால் பொத்தல் விழும் என்று பெரும்பாலும் வைக்கமாட்டார்கள். எகரத்துக்கும் ஏகாரத்துக்கும் அந்தக் காலத்தில் வேற்றுமையே புள்ளிதான். 18-ஆம் நூற்றாண்டில் வீரமாமுனிவர் வந்துதான் ஏகாரத்துக்குத் தனி உருவம் கொடுத்தார். அதனால் பழைய ஏட்டில் 'எரி', 'ஏரி' இரண்டுக்கும் எழுத்து ஒன்றே.

உன் நாட்டு எழுத்தும் அப்படித்தான் என்று வைத்துக்கொள். ஆழிக்குறியின் கடைசி வெண்பா "எரிவாய் மாயும் நகர்" என்று முடியட்டும். வெண்மதில்காரர்கள் தலைமுறை தலைமுறையாகத் தீக்குப் பயந்து, அணைக்கத் தண்ணீர் வேண்டுமே என்று மேட்டு ஏரியின் கரையை உயர்த்திக்கொண்டே போகிறார்கள். இளவரசிக்கு மந்திரம் எதற்கு? யாப்பு, அதாவது செய்யுள் இலக்கணம், தெரிந்தால் போதும். 'எரிவாய்' என்ற சீர் நிரை நேர், அதாவது புளிமா. அடுத்த சீர் 'மாயும்' நேரசையில் தொடங்குகிறது. மாச்சீரை அடுத்து நேரசை வந்தால் வெண்பாவுக்குத் தளை தட்டும், சீரும் சீரும் இணையாது. 'ஏரிவாய்' என்று நீட்டினால் நேர் நிரை, அதாவது கூவிளம். விளச்சீரை அடுத்து நேர், கச்சிதமாக உட்கார்ந்துகொள்ளும். அவள் அந்த அடியை வாய்விட்டுச் சொல்கிறாள், தடுக்குகிறது. முதல் எழுத்தை நீட்டிச் சொல்கிறாள், ஓடுகிறது. வெளியே மூன்றாம் நாளாக மழை.

உன் படகோட்டி யாரென்று எனக்குத் தெரிந்துவிட்டது. நம்மை மாடியிலிருந்து இறக்கிக் கூட்டிப்போன மீனவர் தாத்தாதானே? அவர் பேசுகிற இடங்களில் ஒரு சொல்லையும் மாற்றாதே.

அங்கே குளிர் ஆரம்பித்துவிட்டதா? லீவுக்கு வரும்போது பெசன்ட் நகர் உ.வே.சா. நூல்நிலையத்துக்குப் போவோம். தாத்தா சுவடியை வேப்பிலை வைத்துத் துணியில் கட்டி வைத்திருக்கிறேன். அதில் நாலு ஓலை இன்னும் ஒட்டிக்கொண்டுதான் இருக்கிறது. நீ வந்த பிறகு பிரிக்கலாம் என்று விட்டுவைத்தேன்.

அன்புடன்,
அம்மா