படம் பேசியதால் எல்லா நாயகிகளும் வீட்டுக்குப் போகவில்லை

ஆசிரியர் அவர்களுக்கு,

கடந்த ஞாயிறு சினிமாப் பகுதியில் வந்த ஊமைப்படக் காலக் கட்டுரையை வாசித்தேன். நல்ல கட்டுரைதான். ஆனால் படம் பேசத் தொடங்கியதும் ஊமைப்பட நாயகிகளின் காலம் முடிந்துவிட்டது என்று அதில் எழுதியிருப்பதை என்னால் ஒப்புக்கொள்ள முடியவில்லை. அது ஹொலிவூட் கதை. சென்னைக்கும் பம்பாய்க்கும் அது அப்படியே பொருந்தாது.

டி. பி. ராஜலட்சுமியையே பாருங்கள். திருவையாற்றில் பிறந்து, சின்ன வயதிலேயே நாடகக் கம்பனியில் சேர்ந்து பாடி நடித்தவர். 1929 இல் 'கோவலன்' ஊமைப்படத்தில் நடித்தார். ஊமைப்படத்தில் பாட்டுக்கு என்ன வேலை? முகம் மட்டும்தான் பயன்பட்டது. 1931 ஒக்டோபர் 31 இல் முதல் தமிழ்ப் பேசும் படமான 'காளிதாஸ்' வெளியானபோதுதான் மேடையில் கற்ற வித்தை திரையில் கைகொடுத்தது. அந்தப் படத்தின் கூத்தே தனி. நாயகியான இவர் தமிழில் பேசுவார், நாயகன் தெலுங்கில் பதில் சொல்வார். தியாகராஜர் கீர்த்தனை வரும், காந்தியின் இராட்டினத்தைப் பற்றிய பாட்டும் வரும். காளிதாசனுக்கும் இராட்டினத்துக்கும் என்ன சம்பந்தம்? சனங்கள் அதைப் பற்றிக் கவலைப்பட்டதாகத் தெரியவில்லை. அவர்களுக்குப் பாட்டுக் கேட்டால் போதும். ஆக, பேசும் படம் இவரைக் கவிழ்க்கவில்லை, தூக்கிவிட்டது.

'காளிதாஸ்' எடுக்கப்பட்டது பம்பாய் இம்பீரியல் கம்பனியின் ஸ்டூடியோவில். அதே கம்பனியின் ஊமைப்பட ராணிதான் சுலோச்சனா. சொந்தப் பெயர் ரூபி மையர்ஸ், பூனாவில் பிறந்த யூதப் பெண், டெலிபோன் ஒப்பரேட்டராக வேலை பார்த்தவர். 1927 இல் ஒரே படத்தில் எட்டு வேடம் போட்டவர். அவருக்கு ஹிந்துஸ்தானி சரளமாக வராது. கட்டுரையாளர் சொல்வது இவருக்காவது பொருந்தியிருக்க வேண்டும். ஆனால் அவர் நடிப்பை நிறுத்திவிட்டு மொழியைப் படித்தார். 1928 இல் ஊமையாக நடித்த 'மாதுரி'யை 1932 இல் பேசி நடித்தார். 'அனார்கலி'யும் அப்படித்தான், 1928 இல் ஊமை, 1935 இல் பேச்சு. பிறகு மெல்ல மெல்லச் சின்ன வேடங்களுக்கு இறங்கினார், அதை மறுக்கவில்லை. 1953 இல் வந்த 'அனார்கலி'யில் சலீமின் தாயாக வந்தார். அதற்குக் காரணம் வயது. குரல் அல்ல. இந்திய சினிமாவின் மிக உயர்ந்த விருதான பால்கே விருதும் 1973 ஆம் ஆண்டுக்கு அவருக்குத்தான் கிடைத்தது.

நம் இலங்கையிலும் இதே கதைதான். 1947 இல் கொழும்பு கிங்ஸ்லி தியேட்டரில் வெளியான முதல் சிங்களப் பேசும் படம் 'கடவுனு பொறொந்துவ'. அதில் நடித்த ருக்மணி தேவி, நாடக மேடையிலும் இசைத்தட்டிலும் ஏற்கெனவே பாடிப் பெயர் எடுத்தவர். படத்தைத் தயாரித்த எஸ். எம். நாயகம் தமிழர் என்பதையாவது நமது பத்திரிகைகள் அடிக்கடி எழுதலாம். சரி, அது வேறு கடிதத்துக்குரிய விஷயம்.

என்னுடைய பெரிய குறை இதுதான். ராஜலட்சுமியை "தமிழின் முதல் நாயகி" என்று ஒரே வரியில் சொல்லிவிட்டுக் கட்டுரை நகர்ந்துவிடுகிறது. அவர் நாவல் எழுதியவர். 1936 இல் 'மிஸ் கமலா'வைத் தானே தயாரித்து, தானே இயக்கினார். தென்னிந்தியாவில் அதற்கு முன் எந்தப் பெண்ணும் படம் இயக்கவில்லை. இதற்கு ஒரு பந்தி ஒதுக்க முடியாதா?

இன்னொரு வேண்டுகோள். ராஜலட்சுமி நடித்து 1933 இல் வந்த 'வள்ளி திருமணம்' கொழும்பில் எந்தக் கொட்டகையில் ஓடியது, விளம்பரத்தில் பெரிய எழுத்தில் இருந்தது யாருடைய பெயர் என்று தேடி ஒரு பக்கம் போடுவீர்களா? உங்கள் பழைய இதழ்க் கட்டுகளில் இல்லாவிட்டால், கொழும்பு 7 இல் உள்ள தேசிய சுவடிகள் திணைக்களத்தில் முப்பதுகளின் தமிழ்ப் பத்திரிகைகளைக் கேட்டுப் பார்க்கலாம்.

இப்படிக்கு,
வெள்ளவத்தை வாசகி ஒருவர்