தாத்தாவின் இரண்டு அலமாரிகள்

ஜெலுத்தோங், பினாங்கு

அன்புள்ள மகளுக்கு,

தாத்தாவின் புத்தக அலமாரிகள் இரண்டையும் அப்படியே நம் வட்டாரக் கிளை நூலகத்துக்குக் கொடுத்துவிடலாமே, அங்கே இருபத்தாறு ஆண்டுகள் வேலை பார்த்த நீங்கள் கொடுத்தால் மறுக்கவா போகிறார்கள் என்று போன வாரம் தொலைபேசியில் கேட்டாய். நான் சரியாகப் பதில் சொல்லவில்லை. அடுப்பில் பால் இருந்தது என்பது உண்மைதான். ஆனால் பால் இறங்கிய பிறகும் அந்தக் கேள்விக்கு ஒரே வரியில் பதில் அமையவில்லை. ஆகவே எழுதுகிறேன்.

கிளை நூலகத்தின் வேலை நூல்களை வெளியே அனுப்புவது. சுவர் நீளாது, அடுக்கும் நீளாது. ஆனால் ஆண்டுதோறும் புதிய நூல்கள் வந்துகொண்டிருக்கும். எனவே பழையவற்றில் சிலவற்றை எடுத்தாக வேண்டும். எதை எடுப்பது என்பதற்கு எங்களிடம் இருந்த முதல் சாட்சி பின்னட்டையின் உட்புறம் ஒட்டிய தேதித் தாள். கடைசி முத்திரை எந்த ஆண்டில் விழுந்தது என்று பார்ப்போம். பல ஆண்டுகளாக யாரும் தொடாத நூல் பட்டியலில் ஏறிவிடும். இப்போது அதே கணக்கைக் கணினி சொல்கிறது. இதில் யாருடைய கொடுமையும் இல்லை, அறிந்துகொள். ஆனால் இந்தக் கணக்கில் முதலில் அடிபடுவது குறைந்த வாசகர்களைக் கொண்ட மொழியின் அடுக்கு, அதாவது நம்முடையது.

அந்த அடுக்கின் எண் 894.811. ட்யூயி என்ற அமெரிக்கர் 1876-இல் வகுத்த பகுப்பு முறையில் அமெரிக்க இலக்கியத்துக்கு 810 முதல் பத்து எண்கள், ஆங்கில இலக்கியத்துக்கு 820 முதல் பத்து எண்கள். சங்கம் முதல் இன்று வரையிலான தமிழ் இலக்கியமெல்லாம், ‘மற்ற மொழிகள்’ என்று ஒதுக்கிய 890-க்குள் ஒரு புள்ளிக்குப் பின்னால் குடியிருக்கிறது. வேலையில் சேர்ந்த புதிதில் எனக்கு இது கோபமூட்டியது. சீர்காழியில் பிறந்த நம் நூலகவியலாளர் ரங்கநாதன் வேறொரு பகுப்பு முறையையே உருவாக்கினார் என்று அறிந்தபோது பெருமையாக இருந்தது. ஆயினும் அவர் 1931-இல் வெளியிட்ட நூலகவியலின் ஐந்து விதிகளில் மூன்றாவதான ‘ஒவ்வொரு நூலுக்கும் அதன் வாசகர்’ என்பதுதான் எனக்குக் கடைசிவரை வேலைக்கு உதவியது.

உன் தாத்தா துறைமுகத்தில் மூட்டை சுமந்தவர் என்பது உனக்குத் தெரியும். அவர் எங்கே படிக்கக் கற்றார் என்பதை உனக்கு நான் சொன்னதாக நினைவில்லை. இந்தத் தீவில் 1816-இல் ஃப்ரீ ஸ்கூல் என்ற பள்ளி தோன்றியது. அந்த ஆண்டு அக்டோபர் 21-ஆம் நாள் அங்கே தமிழ் வகுப்பும் தொடங்கியது. மறு ஆண்டே, 1817-இல், பினாங்கு நூலகமும் வந்துவிட்டது. ஆனால் அது சந்தா கட்டக்கூடிய ஆங்கிலேயரை மனத்தில் வைத்து அமைந்தது. துறைமுகக் கூலிக்காரருக்கு அதன் வாசற்படி தெரியாது. அவருக்குக் கிடைத்தது படிப்பகம். சீர்திருத்தச் சங்கங்கள் ஊர்தோறும் பரவிய காலத்தில், கடை மாடியிலோ சங்கக் கொட்டகையிலோ இரண்டு விசுப்பலகைகளைப் போட்டு, செய்தித்தாள்களில் ‘தமிழ் நேசன்’ ஒரு படி, ‘தமிழ் முரசு’ ஒரு படி வாங்கி வைத்திருப்பார்கள். எழுத்தறிந்த ஒருவர் உரக்க வாசிக்க, மற்றவர்கள் வேலை முடிந்த களைப்போடு கேட்பார்கள். கேட்டவராக உள்ளே போன தாத்தா, சில ஆண்டுகளில் வாசிப்பவராக மாறினார். அவருடைய நூல்களின் முதல் பக்கத்தில் விலையையும், அது எத்தனை நாள் கூலி என்பதையும் பென்சிலால் எழுதி வைத்திருப்பதைக் கவனித்திருக்கிறாயா? ஒன்றில் ‘இரண்டரை நாள்’ என்று இருக்கிறது.

யாவருக்கும் பொதுவான நூலகம் என்பது வெகு காலம் கழித்தே வந்தது. ஹெட்விக் அனுவார் என்ற நூலகர் 1968-இல் மலேசியப் பொது நூலகங்களுக்கான திட்ட வரைவை எழுதிக் கொடுத்தார். பிறகு மாநிலங்கள் ஒவ்வொன்றாகச் சட்டம் இயற்றின. நம் மாநிலத்தின் பொது நூலகக் கழகம் 1973-இல் அமைந்தது. அதன் தலைமையகம் இன்று அக்கரையில், செபராங் ஜெயாவில் இருக்கிறது.

நூல் இரவலைத் தவிர ஒரு கிளையில் என்ன நடக்கிறது என்று கேட்பவர்களுக்கு நாளிதழ், கணினி, சிறுவர் பகுதி, கம்பங்களுக்கு, அதாவது மலாய்க் கிராமங்களுக்குப் போகும் நடமாடும் நூலக வண்டி என்று சொல்லிவிடலாம். என் நினைவில் நிற்பவை வேறு. பள்ளியிறுதித் தேர்வான எஸ்.பி.எம்.-இல் தமிழ் இலக்கியம் எடுத்த பிள்ளைகள், வீட்டில் மேசை இல்லாததால், மாலை முழுவதும் ஜன்னலோர மேசையில் இருப்பார்கள். பாட நாவலின் ஒரே படியை மூவரும் நேரம் பிரித்துப் படிப்பார்கள். சீன நாளிதழுக்கு ஒரு பெரியவரும் மலாய் நாளிதழுக்கு ஒரு பெரியவரும் கதவு திறக்கும் முன்பே வந்து நிற்பார்கள். இருவரும் ஒருவரோடொருவர் பேசி நான் கண்டதில்லை, ஆனால் ஒருவர் வராத நாளில் மற்றவர் என்னிடம் விசாரிப்பார். மலாய்ப் படிவம் நிரப்பத் தெரியாத நம் பெண்கள், நூலகத்தில் வேலை செய்பவளுக்கு எல்லாம் தெரியும் என்ற நம்பிக்கையில், சமூகநல உதவிப் படிவத்தை என் கவுண்டரில் வைப்பார்கள். அது என் பணிப்பட்டியலில் இல்லை. நிரப்பிக் கொடுத்துவிட்டு, கையோடு ஒரு வார இதழையும் நீட்டுவேன். சிலர் அதற்காகவே மீண்டும் வந்தார்கள்.

இங்கே ஒன்றை ஒப்புக்கொள்ள வேண்டும். நீ பத்து வயதில் உறுப்பினரானாய் அல்லவா? பட்டியல் தயாராகும் ஆண்டுகளில், எடுபட்டுவிடுமோ என்று நான் அஞ்சிய தமிழ் நூல்களை என் பெயரிலும் அப்பா பெயரிலும் பதிந்து வீட்டுக்குக் கொண்டு வருவேன். எங்கள் வரம்பு நிறைந்துவிட்டால் உன் அட்டைதான். பன்னிரண்டு வயதில் நீ சித்த மருத்துவமும் சைவ சித்தாந்தமும் படித்ததாக எங்கோ ஒரு பதிவேட்டில் இருக்கும். தவறுதான். ஆனாலும் அவற்றில் பாதியை நான் உண்மையிலேயே படித்தேன்.

இப்போது தாத்தாவின் நூல்களுக்கு வருகிறேன். நான் கணக்கெடுத்த அளவில் நானூறு சொச்சம் இருக்கின்றன. மொத்தமாகக் கொடுத்தால், பூஞ்சணமோ கரையானோ ஏறியவற்றை அவர்கள் வாங்க மாட்டார்கள், வாங்கவும் கூடாது; வாங்கியவையும் சில ஆண்டுகளில் முன் சொன்ன கணக்கிலேயே வெளியேறும். ஆகவே மூன்று குவியலாகப் பிரிக்கலாம் என்பது என் எண்ணம். ஐம்பது, அறுபதுகளில் இந்நாட்டுச் சிறு அச்சகங்களில் வெளிவந்த கதைத் தொகுப்புகளும் சங்க மலர்களும், 1966 ஏப்ரலில் மலாயாப் பல்கலைக்கழகத்தில் நடந்த முதல் உலகத் தமிழ் மாநாட்டுக்கு ரயிலேறிப் போய்த் தாத்தா வாங்கி வந்தவையும் முதல் குவியல். பதிப்பாளர்கள் ஒவ்வொரு நூலிலும் 5 படிகளைத் தேசிய நூலகத்தில் ஒப்படைக்க வேண்டும் என்ற இப்போதைய சட்டம் 1986-இல் வந்தது. அதற்கு முந்தைய சிற்றச்சு நூல்கள் விடுபட்டிருக்க வாய்ப்பு அதிகம். எனவே முதலில் பட்டியல் எழுதி, கோலாலம்பூரில் தேசிய நூலகத்திடமும் மலாயாப் பல்கலைக்கழக நூலகத்திடமும் எது இல்லை என்று கேட்க வேண்டும். வீட்டை விட்டும் தீவை விட்டும் போகிறதே என்று நீ வருந்துவாய். லைட் தெருவில் நீதிமன்றத்துக்கு எதிரே நினைவுச் சின்னமாக நிற்கும் லோகன் என்ற ஸ்காட்லாந்து வழக்கறிஞர், 1869-இல் இறந்த பிறகு அவர் சேர்த்த நூல்கள் சிங்கப்பூர் ராஃபிள்ஸ் நூலகத்துக்குப் போயின. பினாங்கு இழந்தது; ஆனால் நூல்கள் பிழைத்தன, இன்றும் சிங்கப்பூர்த் தேசிய நூலகத்தில் எடுத்துப் பார்க்கலாம்.

கட்டுக் குலையாத நாவல்களும் சிறுவர் கதைகளும் இரண்டாம் குவியல். அவற்றைக் கிளைக்குக் கேட்டுக் கொடுப்போம், ஐம்பதைத் தாண்டாமல். மிச்சமிருப்பவை, பென்சில் எழுத்து உள்ளவை உட்பட, உனக்கு. எத்தனை கிலோ விமானத்தில் ஏறும் என்பதை நீயே பார்த்துக்கொள்.

டிசம்பரில் வரும்போது பேத்தியைக் கிளைக்கு அழைத்துப் போகிறேன். சிறுவர் பகுதியின் தமிழ் அடுக்கு இரண்டு தட்டுதான்; அவளே பொறுக்கட்டும், நான் எதையும் அவள் கையில் திணிக்க மாட்டேன்.

என் பெயரில் இப்போது மூன்று நூல்கள் இருக்கின்றன, வியாழக்கிழமை தவணை. ஒன்றை இன்னும் தொடங்கவே இல்லை என்பதால் இத்துடன் நிறுத்துகிறேன்.

அன்புடன்,
அம்மா