டிரைவ் லிங்க்னாலே சேஃப்னு இல்லீங்க

ஆசிரியர் அவர்களுக்கு வணக்கம்,

புது சீரிஸ் ஒண்ணு வந்த அன்னிக்கே அதோட திருட்டு காப்பிக்கு குரூப் குரூப்பா லிங்க் சுத்த ஆரம்பிச்சிடுது, ஃபைலை நெட்ல சேமிச்சு வெக்கிற கூகுள் டிரைவ்ல இருக்கறதால "டிரைவ் லிங்க்தான், பயப்படாம பாருங்க"ன்னு சொல்லியே அனுப்புறாங்க. அந்த "பயப்படாம"தான் எனக்குப் பெரிய கவலையா இருக்கு.

பெரிய கம்பெனி பேரு லிங்க்ல இருக்கு, அதனால செக் பண்ணித்தான் வெச்சிருப்பாங்கன்னு நிறைய பேர் நம்புறாங்க. கூகுள் டிரைவ்ல 100 எம்பிக்கு மேல போன ஃபைலை வைரஸ் ஸ்கேனே பண்றதில்ல, டவுன்லோடு பண்ணும்போது அவங்களே அதைச் சொல்றாங்க, நாமதான் படிக்காம அடுத்த பட்டனைத் தட்டிடறோம். ஒரு எபிசோடே பல நூறு எம்பி வருதே, அப்போ இதெல்லாம் யாருமே பார்க்காத ஃபைல்தானே. சுருக்கிக் கட்டின ஜிப் ஃபைலா வந்தா இன்னும் மோசம், உள்ள "எபிசோடு 5.எம்பி4"ன்னு இருக்கும், அதுக்குப் பின்னாடி இருக்கற, புரோகிராம்னு காட்டுற ".எக்ஸ்இ"யை விண்டோஸ் மறைச்சிடும், வீடியோன்னு நெனச்சு டபுள் கிளிக் பண்ணா ஓடறது புரோகிராம், பிரவுசர்ல சேவ் பண்ணி வெச்ச பாஸ்வேர்டு மொத்தமும் போயிடலாம்.

சில லிங்க்ல நேரா ஃபைல் வராது, நடுவுல ஒரு சைட் வந்து கூகுள் கணக்குல லாகின் பண்ணுங்கன்னு கேக்கும். அப்போ வர்ற பக்கத்தை தயவுசெஞ்சு முழுசா படிங்க, "உங்க டிரைவ்ல இருக்கற எல்லா ஃபைலையும் பார்க்க, திருத்த, நீக்க" அனுமதி கேட்டிருப்பான். ஒரு எபிசோடுக்காக வீட்டு டாக்குமென்ட், ஐடி ஸ்கேன் எல்லாத்துக்கும் சாவி குடுத்த மாதிரி ஆயிடுது, பாஸ்வேர்டை மாத்தினா மட்டும் இந்த அனுமதி பொதுவா போகாது, கூகுள் கணக்கு செட்டிங்ஸ்ல போய் அனுமதி வாங்கின அந்த சைட்டைத் தனியா நீக்கணும்.

அந்த ஃபைலோட டவுன்லோடு லிமிட் முடிஞ்சிருச்சு, உங்க டிரைவுக்கே காப்பி பண்ணிக்கோங்கன்னு ஒரு யோசனையும் சொல்றாங்க. அப்போ திருட்டு ஃபைல் உங்க பேர்ல உக்காந்திருக்கு, அதை நாலு பேருக்கு ஷேர் பண்ணா காப்பிரைட் புகாரும் உங்க கணக்கு மேலதான் வரும், திரும்பத் திரும்ப வந்தா கணக்கையே முடக்கிடுவாங்க, மெயில், குழந்தைங்க போட்டோ எல்லாம் அதுலதானே இருக்கு. 2012 ஜனவரில மெகாஅப்லோடுங்கற ஃபைல் ஷேரிங் சைட்டை அமெரிக்க அரசு முடக்கினப்போ, சொந்த ஃபைலை மட்டும் வெச்சிருந்தவங்களும் அதை எடுக்க முடியாம தவிச்சாங்க.

உங்க பேப்பர்ல இந்த அனுமதி பக்கம் எப்படி இருக்கும், குடுத்த அனுமதியை எங்க போய் நீக்கறதுன்னு படத்தோட ஒருநாள் போடுங்க, இந்த லிங்க்கை ஃபார்வர்ட் பண்றவங்க வீட்டுலயும் உங்க பேப்பர் வாங்கறாங்க.

இப்படிக்கு,
ஒரு வாசகர்