மண்ணாங்கட்டியை வையாதீர்கள்

ஆசிரியருக்கு,

'மண்ணாங்கட்டி' என்றால் ஒன்றுக்கும் உதவாதது என்று மட்டுமே பொருள் சொல்வது வழக்கமாகிவிட்டது. "திட்டமாவது மண்ணாங்கட்டியாவது" என்று மேடையில் பேசுகிறார்கள். கணக்கு வராத பிள்ளையிடம் "மண்டையில என்ன களிமண்ணா?" என்று கேட்கிறார்கள். மந்தமானவனுக்கு 'மண்ணாந்தை' என்ற பெயரும் உண்டு. இவை வாய்ப்பேச்சோடு நின்றிருந்தால் இந்தக் கடிதத்துக்கே வேலையில்லை. வசவு வயலுக்குள்ளும் இறங்கிவிட்டது. கட்டி கண்ணில் பட்டாலே உழவு சரியில்லை என்று எண்ணி, டிராக்டரில் பூட்டும் சுழல் கலப்பையான ரோட்டவேட்டரை இரண்டு மூன்று தடவை ஓட்டி மண்ணை மாவாக்கிவிடுகிறார்கள்.

திருவாடானை, ஆர்.எஸ்.மங்கலம் பக்கம் நெல்லில் புழுதி விதைப்பு அதிகம். காய்ந்த நிலத்தில் விதையைப் போட்டுவிட்டு வடகிழக்குப் பருவமழையை எதிர்பார்த்திருக்கும் சாகுபடி இது. மாவாக்கிய புழுதியில் முதல் மழை ஓங்கி அடித்தால் மேல்மண் குழம்பிப் படிந்து, அடுத்த வெயிலில் பொருக்குத் தட்டிவிடும். முளை அதை முட்டி வெளியே வர முடியாமல் உள்ளேயே சுருண்டு போகும். விதை கெட்டது என்று கடைக்காரரிடம் சண்டைக்குப் போகுமுன் பொருக்கைப் பெயர்த்துப் பார்க்க வேண்டும்.

நெல்லிக்காய் அளவுக் கட்டிகள் மேலே கிடந்தால் மழையின் அடியை அவை வாங்கிக்கொள்ளும். தண்ணீர் வழிந்தோடாமல் இடுக்கு வழியே இறங்கும். தேங்காய் அளவுக் கட்டி ஆகாது, அதுவும் உண்மை. அதன் சந்தில் விழுந்த விதை ஆழத்தில் மாட்டிக்கொள்ளும், அல்லது மண்ணோடு ஒட்டாமல் காய்ந்து கிடக்கும். அப்படிப்பட்ட கட்டிகளைத் தட்டிவிட்டு, மண்ணைச் சமன்படுத்தும் பரம்புப் பலகையை இழுத்தால் போதும்.

கெட்ட கட்டி உருவாவது ஈர உழவில்தான். பதம் பார்க்க, கலப்பையின் கொழுமுனை இறங்கும் ஆழத்திலிருந்து ஒரு பிடி மண்ணை எடுத்து உருண்டை பிடித்து, இடுப்பு உயரத்திலிருந்து கீழே விட வேண்டும். உதிர்ந்தால் உழலாம். அப்பிக்கொண்டு தட்டையானால் காத்திருக்க வேண்டும். அவசரப்பட்டு உழுதால் மண் வழவழவென்று பாளமாகப் புரண்டு, காய்ந்ததும் கல்லாகிவிடும். கோடை உழவில் புரளும் கட்டி வேறு ரகம். அது நன்றாகக் காய வேண்டும். அதில் ஒட்டியிருக்கும் களை வேர்களும் அதோடு காயும். ஒரு பலம் (பழைய எடை அளவு) புழுதி கால் பலமாகும்படி உணக்கச் (காயவைக்கச்) சொன்ன வள்ளுவர் இதைத்தான் சொல்கிறார். அப்படிக் காய்ந்த கட்டிமேல் மழை விழுந்ததும், ஈரம் உள்ளே புகுந்து, அடைபட்ட காற்று வெளியே முட்ட, கட்டி தானாகவே பொலபொலவென்று உதிர்ந்துவிடும். டீசல் செலவில்லாமல் மழையே கட்டி உடைக்கிறது.

களிமண்ணுக்கு வருவோம். களித்துகள் 0.002 மில்லிமீட்டருக்கும் சிறியது. அதனால் தண்ணீர் மெதுவாகத்தான் இறங்கும். ஆனால் இறங்கியதை அது எளிதில் விடாது. உரச்சத்தையும் பிடித்து வைக்கும். மண்டபம், ராமேசுவரம் பக்கத்து மணலில் ஊற்றிய தண்ணீர் நிற்பதில்லை, கட்டியும் பிடிப்பதில்லை. கண்மாய்க்கரை தண்ணீரைத் தாங்குவதும், உப்பளப் பாத்தியை மிதித்து இறுக்கினால் கடல்நீர் கசியாமல் நிற்பதும், மானாமதுரைக் கடம் நாதம் கொடுப்பதும் களியால்தான். மெதுவாக வாங்கி நெடுநாள் வைத்திருக்கும் மண்ணின் பெயரால் ஒரு பிள்ளையை வைவது பிள்ளைக்கும் பொருந்தாது, மண்ணுக்கும் பொருந்தாது.

வேளாண் பக்கத்தில் 'கட்டியின்றி மாவு போல உழவும்' என்ற வரி வரும்போது, எந்த மண்ணுக்கு, எந்த விதைப்புக்கு என்று சேர்த்துப் போடுங்கள். நாற்றங்காலுக்கும் காய்கறிப் பாத்திக்கும் அது சரி. புழுதி நெல்லுக்கு அது நட்டம். பொருக்குத் தட்டும் வயல்களுக்கு ஏக்கருக்கு 5 டன் தொழுவுரத்தைக் கடைசி உழவுக்கு முன் பரப்பச் சொல்லி எழுதினால், இந்தப் பருவத்திலேயே பலருக்கு உதவும்.

இப்படிக்கு,
புழுதி விதைப்பு விவசாயிகள் சிலர்,
ஆர்.எஸ்.மங்கலம் வட்டாரம், ராமநாதபுரம் மாவட்டம்.