லோடு இறங்கிடுச்சு மாப்ள, ஆனா

மாப்ள,

எப்படி இருக்க, முட்டி வலி கொறஞ்சுதா? போன்லயே சொல்லிருப்பேன், ஆனா நீ யூனியன்காரன் நான் முதலாளின்னு பாதியிலயே பேச்சு வேற பக்கம் போயிரும், அதான் எழுதறேன், முழுசா படிச்சிரு.

பாலக்காட்டு குடோன் விஷயம் அரைகுறையா உன் காதுக்கு வந்திருக்கும். டைல்ஸ் லோடு வந்துச்சு, நம்ம பசங்க நாலு பேருக்கும் லேபர் ஆபீஸ்ல பதிவு பண்ணி 26ஏ கார்டு, அதான் சுமை தூக்கற தொழிலாளிக்கான கார்டு, வாங்கி வச்சிருக்கேன், அவங்களே இறக்கலாம். யூனியன்காரங்க வந்து இது எங்க ஏரியா, நாங்கதான் இறக்குவோம், இல்லன்னா கூலிய குடுத்துட்டு நீங்களே இறக்கிக்கோங்கன்னாங்க. கை வைக்காம பாத்துட்டு நிக்கறதுக்குக் கூலி, நோக்குகூலின்னு சொல்வாங்களே அதான். 2018 மே 1-லயே கேரள அரசு அதுக்குத் தடை போட்டாச்சு. நான் மாட்டேன்னேன், லாரிய மறிச்சு நின்னுட்டாங்க. ஸ்டேஷன்ல கேட்டா இது தொழில் தகராறு லேபர் ஆபீஸ் போங்கன்னாங்க, லேபர் ஆபீஸ்ல கேட்டா மறிக்கறத போலீஸ்தான் பாக்கணும்னாங்க, டிரைவர் லாரி காத்துக் கிடக்கற ஹால்டிங் காசு ஏறுதுன்னு நிக்கறான்.

கடைசியா எர்ணாகுளம் ஹைகோர்ட்ல அரசியல் சட்டம் 226-ல ரிட் மனு போட்டோம். ஆர்டர் வந்தப்ப நான் நாலு தடவ படிச்சேன் மாப்ள. நான் சொன்னது சரி அவங்க சொன்னது தப்புன்னு அதுல ஒரு வரி கூட இல்ல. பதிவு பண்ண ஆளுங்க வேலை செய்யறத யாரும் தடுக்கக்கூடாது, தடுத்தா போலீஸ் பாதுகாப்பு குடுக்கணும், அமைதியா போராடறதுக்கு இது தடையில்ல, அவ்வளவுதான். வக்கீல் ஒரு பழைய கதை சொன்னார். 1967-ல மேற்கு வங்கத்துல கெரோ, அதான் தொழிலாளிங்க மேனேஜருங்கள சுத்தி வளைச்சு வெளிய விடாம வைக்கற போராட்டம், நடந்துட்டிருந்தப்ப, தொழிலாளர் அமைச்சர்கிட்ட கேக்காம போலீஸ் உள்ள போகக்கூடாதுன்னு அரசு சர்க்குலர் விட்டுச்சாம், ஆளுங்கள உள்ள அடைச்சு வச்சா அது குற்றம், அங்க போலீஸ் கடமைய ஒரு சர்க்குலர் நிறுத்த முடியாதுன்னு கல்கத்தா ஹைகோர்ட் அந்த வருஷமே அதை ரத்து பண்ணிருச்சு. அதனால ஸ்டேஷன்ல தொழில் தகராறுன்னு கைய விரிச்சதுதான் எனக்கு இன்னும் ஆறல. நேரா கேட்டா கிடைக்க வேண்டியதுக்கு ஹைகோர்ட் வரைக்கும் போகணுமா, செலவு பண்ண முடியாத சின்ன கடைக்காரன் என்ன பண்ணுவான்?

ஜீப் வந்துச்சு, மூணு மணி நேரத்துல லோடு இறங்கிடுச்சு. எதிர்ல ரோட்டோரமா அவங்க எல்லாரும் நின்னாங்க, ஒருத்தரும் கத்தல. அதுல ஒருத்தர், ஆரம்பத்துல நம்ம குடோனுக்கு ஆறு வருஷம் லோடு இறக்கினவர், கழுத்து ஒரு பக்கமா சாஞ்சிருக்கும், தலைச்சுமை தூக்கித் தூக்கியே அப்படி ஆனது. என்னையே பாத்துட்டு நின்னார். நான் ஜெயிச்ச மாதிரியே இல்ல மாப்ள, அன்னிக்கு ராத்திரி தூக்கம் வரல.

உனக்கு இது தலைகீழா தெரியும். 2024-ல ஸ்ரீபெரும்புதூர் சாம்சங்ல 37 நாள் ஸ்ட்ரைக் நடந்தப்ப கம்பெனியும் தடை கேட்டு கோர்ட்டுக்குப் போச்சு, போலீஸ் பந்தலப் பிரிச்சுச்சு, நீ அன்னிக்கு போன்ல அழுதது எனக்கு நினைவிருக்கு. ஆனா பந்தலப் பிரிச்சதால பிரச்சனை தீரல, அமைச்சருங்க உக்காந்து பேசினப்புறம்தான் வேலைக்குத் திரும்பினாங்க, யூனியன் பதிவும் 2025 ஜனவரியிலதான் ஆச்சு. கோர்ட் ஆர்டர் லாரிக்கு வழி விடும், அதுக்கு மேல அதுகிட்ட எதிர்பாக்கறது தப்புன்னு எனக்கு இப்பதான் தெரியுது. என் லோட நம்ம பசங்களே இறக்கிட்டா அந்தக் கழுத்து சாஞ்ச மனுஷனுக்கு அன்னிக்கு வேலை இல்ல, அதுவும் உண்மை, அதுக்காக நோக்குகூலி குடுக்க மாட்டேன், அதுவும் உண்மை.

அடுத்த வியாழக்கிழமை லேபர் ஆபீசர் ரெண்டு தரப்பையும் கூப்பிட்டிருக்கார். கிரானைட் மாதிரி கனமான லோடு அவங்களுக்கு, டைல்ஸ் பெட்டி நம்ம பசங்களுக்குன்னு பிரிச்சுக்கலாம்னு எனக்கு ஒரு யோசனை, ரேட் சுமைத் தொழிலாளர் நல போர்டு நிர்ணயிச்சதே இருக்கட்டும். இத நான் சொன்னா முதலாளி தந்திரம்னு நினைப்பாங்க. நீ புதன்கிழமை ராத்திரியே ரயில் ஏறி வந்துரு, என் பக்கத்துல உக்கார வேண்டாம், அவங்க பக்கமே உக்காரு, அவங்களுக்கு இதுல எங்க இடிக்குதுன்னு கேட்டு எனக்குச் சொல்லு.

உன்
பழைய ரூம்மேட்